முத்தா, மணியா?

சேர நாட்டு மலைக்குடிகள் தங்கள் வேந்தன் செங்குட்டுவனைக் காண வந்தபோது வெறுங்கையோடு வரவில்லை. யானைத் தந்தம், அகில், சந்தனம், தேன் குடங்கள் என அவர்கள் சுமந்து வந்த பொருள்களின் நீண்ட வரிசையைச் சிலப்பதிகாரத்தின் காட்சிக் காதை தருகிறது. அவ்வரிசையில் ஏலமும் மிளகும் உண்டு. பொருள்களோடு ஒரு செய்தியும் வந்தது. வேங்கை மரத்தின் நிழலில், ஒரு மார்பை இழந்த பெண்ணொருத்தி பெருந்துயரோடு நின்றாள். அவளைத் தேவர்கள் வானுலகிற்கு அழைத்துச் சென்றதைத் தாங்கள் கண்ணாரக் கண்டதாக அம்மக்கள் கூறினர். அருகிலிருந்த புலவர் சாத்தனார், அவள் யாரென்பதை எடுத்துரைத்தார். அவ்வரலாற்றை நூலாக்கியவர் வேந்தனின் தம்பியும் துறவியுமான இளங்கோவடிகள் என்பது மரபு.

ஏலமும் மிளகும் விளையும் அம்மலைத் தொடரில்தான் இன்று வண்டன்மேடு உள்ளது. கேரளத்தின் இடுக்கி மாவட்டத்தில், உடும்பன்சோலை வட்டத்தைச் சேர்ந்த ஊர். கிழக்கே மலைச்சரிவில் இறங்கினால் தேனி மாவட்டத்தின் கம்பம் பள்ளத்தாக்கு. நாள்தோறும் விடியுமுன்பே பள்ளத்தாக்கிலிருந்து ஜீப்புகள் கம்பம்மெட்டு வழியாக மேலேறுகின்றன. ஏலச்செடியின் காய்கள் தண்டின் உச்சியில் காய்ப்பதில்லை; அடித்தூரிலிருந்து தரையோடு படரும் சரங்களில் காய்க்கின்றன. ஆகவே காய் எடுக்கும் பெண்கள் நாள் முழுதும் குனிந்தே வேலை செய்கின்றனர். அவர்களுள் பலர் தமிழர். சிலர் காலையில் வந்து மாலையில் இறங்குபவர்; சிலரது குடும்பங்கள் தலைமுறைகளாக மலையிலேயே தங்கிவிட்டவை.

வண்டன்மேட்டிற்குத் தெற்கே குமுளியைக் கடந்து, பெரியாறு புலிகள் காப்பகத்திற்குள் மங்கலதேவி மலை உயர்ந்து நிற்கிறது. அங்கே சிதைந்த நிலையில் உள்ள கற்கோயிலைக் கண்ணகி கோட்டம் என்று தமிழ் மக்கள் வணங்குகின்றனர். ஆண்டில் சித்திரா பௌர்ணமி அன்று மட்டுமே அங்கு செல்ல அனுமதி. தேனி, இடுக்கி ஆகிய இரு மாவட்ட நிர்வாகங்களும் சேர்ந்து ஏற்பாடு செய்கின்றன. குமுளியிலிருந்து ஜீப்பில் ஏறலாம். தமிழகப் பக்கத்தில் பளியன்குடியிலிருந்து காட்டு வழியே நடந்தும் ஏறலாம். ஏலத்தோட்டத்துப் பெண்கள் பலர் அன்று கூலியை விட்டுவிட்டு மலையேறுகின்றனர். ஒரு நூலின் நாயகியைக் காணச் செல்வதாக அவர்கள் எண்ணுவதில்லை. அவர்களுக்கு அவள் ஆத்தா.

நடந்த கதையா?

கற்றவர் உள்ளத்தில் இங்கே ஒரு கேள்வி எழும். இது நடந்ததா, புனைந்ததா? கரந்தைப் பேராசிரியர் சி. கோவிந்தராசனார் பூம்புகாரிலிருந்து கண்ணகி நடந்த வழியைத் தேடித் தாமும் நடந்து, 1960-களில் இம்மங்கலதேவிக் கோயிலையே செங்குட்டுவன் எடுத்த கோட்டம் என்று அறிவித்தார். சேரரின் வஞ்சி கருவூரா, கொடுங்கல்லூர்ப் பகுதியா என்பதிலேயே அறிஞர் ஒருமித்த கருத்துக்கு வரவில்லை; கொடுங்கல்லூர் பகவதி கோயிலையும் கண்ணகியோடு இணைக்கும் மரபு ஒன்று உண்டு. ஆராய்ச்சி தன் வழியில் தொடரட்டும். அது வேண்டியதே. ஆயினும் அதன் முடிவுக்காகக் காத்திருந்துதான் இந்நூலின் மெய்யைப் பெற வேண்டுமா என்பது வேறு கேள்வி.

இதற்கு விடை தேடுவோருக்குக் காந்தியடிகளின் சத்திய சோதனையில் ஒரு நல்ல இடம் இருக்கிறது. சிறுவயதில் அவர் ஒரு நாடகக் குழுவினர் நடித்த அரிச்சந்திரன் நாடகத்தைக் கண்டார். அது அவரை விடாது பற்றிக்கொண்டது. தமக்குள்ளேயே எண்ணற்ற முறை அரிச்சந்திரனாக நடித்துப் பார்த்தார். நினைத்து நினைத்து அழுதார். எல்லோரும் ஏன் அரிச்சந்திரனைப் போல் வாய்மையுடன் இருக்கலாகாது என்ற கேள்வி அவரை இரவும் பகலும் வாட்டியது. அக்காலத்தில் அக்கதை எழுத்துக்கு எழுத்து நடந்தது என்றே அவர் நம்பினார். வளர்ந்தபின், அரிச்சந்திரன் வரலாற்று மனிதனாக இருந்திருக்க முடியாது என்று தம் பகுத்தறிவு கூறுவதை அவரே எழுதுகிறார். ஆனாலும் அரிச்சந்திரனும் சிரவணனும் தமக்கு இன்றும் உயிருள்ள உண்மைகளே என்றும் எழுதுகிறார். தன் வாழ்வையே சத்தியத்தின் சோதனைச்சாலையாக்கிக் கொண்ட ஒருவர், நடக்காததென்று தாமே கருதிய கதையைத் தம் சத்தியத்திற்கு வித்தாகக் காட்டுவது சிந்திக்கத்தக்கது.

கிரேக்க நாட்டில் பிளேட்டோ இதற்கு மாறாகப் பேசினார். தம் 'குடியரசு' நூலின் பத்தாம் பகுதியில், கவிஞர்கள் உண்மைக்கு வெகுதொலைவில் நிற்பவர்கள், நிழலுக்கும் நிழல் வரைபவர்கள் என்று கூறி அவர்களைத் தம் நகரத்திலிருந்து விலக்கினார். அவருடைய மாணவர் அரிஸ்டாட்டில் உடன்படவில்லை. நடந்ததை வரலாறு கூறுகிறது. நடக்கக்கூடியதைக் காவியம் கூறுகிறது. ஆகவே காவியமே தத்துவத்திற்கு அணுக்கமானது என்பது அவர் துணிபு. வேடிக்கை யாதெனில், கவிஞரை விலக்கிய அதே நூலின் ஏழாம் பகுதியில் பிளேட்டோவும் தம் ஆழ்ந்த கருத்தைச் சொல்ல ஒரு குகையையும் அதனுள் கட்டுண்டு கிடக்கும் மனிதர்களையும் கற்பனை செய்ய வேண்டியிருந்தது!

நம் நாட்டு மரபு இவ்விஷயத்தில் தெளிவாகவே உள்ளது. உபநிடதங்களில் நசிகேதன் போன்றோரின் கதைகள் வருமிடத்தில் ஆதிசங்கரர், அக்கதை எதற்காக வந்தது என்பதைப் பல இடங்களில் சுட்டிக்காட்டிச் செல்கிறார்: வித்தையின் பெருமையை உணர்த்த, அல்லது கேட்பவர் எளிதில் புரிந்துகொள்ள. கதை நடந்ததா என்று அவர் அங்கே வாதிடுவதில்லை. அது எதனைக் காட்ட எழுந்ததோ அதன்மீதே அவர் பார்வை நிற்கிறது.

பொற்கொல்லனின் கற்பனை

எனில் கற்பனை எல்லாம் நல்லதா? இல்லை. பொய்யும் கற்பனையின் பிள்ளையே. சிலப்பதிகாரத்தின் ஆழம் இங்கேதான் புலப்படுகிறது. ஏனெனில் அது கற்பனையால் ஆன நூலாக இருந்துகொண்டே, கற்பனை ஓர் உயிரைக் கொன்ற விதத்தைக் காட்டுகிறது.

கொலைக்களக் காதையை நிதானமாகப் படிக்க வேண்டும். கோவலன் புகார் நகரத்தான், மதுரைக்குப் புதியவன். அவனை அறிந்தவர் அந்நகரில் மிகச் சிலர். மனைவியின் காற்சிலம்பு ஒன்றை விற்றுப் பிழைக்க எண்ணிக் கடைவீதிக்கு வருகிறான். அங்கே அவன் காணும் பொற்கொல்லன் அரசியின் சிலம்பை முன்பே களவாடியவன். தன் களவை மறைக்க ஒரு கள்வன் தேவை. இதோ, கையில் சிலம்போடு ஓர் அயலூரான். அரண்மனைக்கு ஓடுகிறான். பாண்டியன் அப்போது ஊடல் கொண்ட தேவியைத் தேடி விரைந்து கொண்டிருக்கிறான். மனம் அங்கே, சொல் இங்கே. சிலம்பு அவன் கையில் இருக்குமாயின் அவனைக் கொன்று சிலம்பைக் கொணருமாறு காவலருக்கு ஆணை பிறக்கிறது. விசாரணை இல்லை. சிலம்பு யாருடையது என்ற கேள்விகூட இல்லை.

இதன் பின் வருவதுதான் இன்னும் கவனிக்கத்தக்கது. கோவலனைக் கண்ட காவலர் தயங்குகின்றனர். இவன் தோற்றம் கள்வனின் தோற்றமாக இல்லையே என்கின்றனர். கண்முன் நிற்கும் மெய் ஒருகணம் தன்னைக் காட்டிவிட்டது. உடனே பொற்கொல்லன் ஏளனமாகச் சிரித்துக் களவு நூலையே எடுத்து ஓதத் தொடங்குகிறான். கள்வருக்கு மந்திரம் உண்டு, தெய்வத்தின் துணை உண்டு, மருந்து உண்டு, நிமித்தம் உண்டு, தந்திரம் உண்டு, இடமும் காலமும் கருவியும் அறிவர் என்று எட்டாக அடுக்குகிறான். அவன் கூறும் எதுவும் கோவலனைப் பற்றியதன்று. கள்வர் என்ற பொது இனத்தைப் பற்றியது. காவலரில் ஒருவன் தன் பங்குக்கு இருளில் தப்பிய ஒரு திருடனின் கதையை நினைவுகூர்கிறான். கேட்கக் கேட்க, நிற்கும் மனிதன் மறைகிறான். கதையில் கேட்ட கள்வன் அவ்விடத்தில் எழுந்து நிற்கிறான். அப்போது கல்லாத குடிகாரன் ஒருவன் வாளை வீசுகிறான்.

வேதாந்தம் பயில்வோர்க்கு இது பழகிய காட்சி. மங்கிய ஒளியில் கிடக்கும் கயிற்றின்மீது பாம்பு ஏற்றப்படுகிறது. பிரம்ம சூத்திரத்திற்குப் பேருரை எழுதப் புகுந்த சங்கரர் முதலில் விளக்கியது இவ்வத்யாசத்தைத்தான்: முன்பு எங்கோ கண்டது, நினைவின் வழியே, இப்போது வேறொன்றின்மேல் தோன்றுதல். மதுரையில் ஏற்றப்பட்ட பாம்புக்குப் பெயர் கள்வன். வகுப்பறை எடுத்துக்காட்டில் பாம்பென்று அஞ்சியவன் ஓடிவிடுவதோடு முடியும். இங்கே ஒருவன் வெட்டுண்டு வீழ்கிறான்.

இருளில் கிடக்கும் கயிற்றை அடித்துப் பயனில்லை, விளக்கு வேண்டும். வழக்குரை காதையில் கண்ணகி கொண்டுவரும் விளக்கு மிக எளியது. கள்வனைக் கொல்வது கொடுங்கோல் அன்று என்று அரசன் கூறும்போது அவள் பொதுவாக நீதியைப் பற்றி வாதிடவில்லை. தன் சிலம்பின் பரல் மணி என்கிறாள். தங்கள் சிலம்பின் பரல் முத்து என்று அரசன் சொல்கிறான். அவ்வளவே வழக்கு. சிலம்பு உடைகிறது, மணி தெறிக்கிறது. அந்நொடியில் கள்வன் என்ற சொல் கோவலனை விட்டு நீங்குகிறது. அரசன் அச்சொல்லைத் தானே எடுத்துத் தன்மேல் சூட்டிக்கொண்டு, அரியணையிலிருந்து வீழ்ந்து உயிர் துறக்கிறான். தவறிய அரசன்தான், எனினும் மெய் கண்முன் தெறித்தபின் அவன் மறுவாதம் தேடவில்லை. இதனால்தான் நூல் அவனைக் கயவன் என்று தள்ளிவிடாமல் ஒருவகை மதிப்போடு நடத்துகிறது.

புற்றடியில் ஸ்பைசஸ் போர்டின் மின்னணு ஏலக்கூடம் இருக்கிறது, வண்டன்மேட்டிற்கு அருகில்தான். அங்கே ஏலக்காய் வாங்கும் வணிகர் எவரும் சொல்லை நம்பி விலை கூறுவதில்லை. ஒவ்வொரு குவியலின் மாதிரியும் கைக்கு வர வேண்டும். நிறமும் பருமனும் பார்க்க வேண்டும். காயைப் பிளந்து உள்ளே அரிசி கறுத்து முற்றியிருக்கிறதா என்று நோக்க வேண்டும். சரக்கிற்குக் காட்டும் இப்பொறுமையில் ஒரு பங்கை மனிதருக்குக் காட்டினால் போதும், மதுரை எரிந்திருக்காது.

ஒருவன் குற்றம், ஆயிரவர் தலை

இது பழங்கதையோடு முடிந்துவிடவில்லை. ஏலக்காய் விலையுயர்ந்த பொருள். 2019 ஆகஸ்டில் புற்றடி ஏலத்தில் கிலோ 7,000 ரூபாயைத் தொட்டது. பச்சைக்காய் உலரும்போது எடை ஏறக்குறைய 5-ல் 1 பங்காகச் சுருங்கும். மழைக்காலத்துக் காயில் நீர் கூடுதல், சுருக்கமும் கூடுதல். ஆனால் கணக்கில் நான்கு கிலோ குறைந்தால் எந்த உள்ளத்திலும் முதலில் எழுவது ஈரப்பதத்தைப் பற்றிய எண்ணமா? காய் எடுத்த கைகளைப் பற்றிய எண்ணமா? அக்கைகளுக்கு உரியவள் வேற்று மாநிலத்தவளாக, வேற்று மொழி பேசுபவளாக இருந்துவிட்டால் கற்பனைக்கு இன்னும் வேகம் பிறக்கிறது. கோவலன் செய்த பிழை ஒன்றே ஒன்று: தன்னை அறியாத ஊரில், விலையுயர்ந்த பொருளோடு நின்றான்.

2011 டிசம்பரில் முல்லைப் பெரியாறு அணைப் பூசல் கொதித்தபோது குமுளி எல்லையில் போக்குவரத்து நின்றது. வதந்திகள் இருபுறமும் ஓடின. ஏலத்தோட்டங்களில் வேலை செய்த தமிழ்க் குடும்பங்கள் பல அச்சத்தால் மலையிறங்கின. தமிழகப் பக்கத்தில் மலையாளிகளின் கடைகளும் தாக்குதலுக்கு இலக்காயின. அணையைக் கட்டியவரோ வழக்கை நடத்தியவரோ அல்லர் அவர்கள். 'அவர்கள்' என்ற பொதுச்சொல் அவரவர் தலைமீது ஏற்றப்பட்டது, அவ்வளவே.

இதனை எண்ணும்போது சிலப்பதிகாரத்தில் பலரும் விரைந்து கடந்துவிடும் ஓரிடம் நினைவுக்கு வர வேண்டும். நெடுஞ்செழியனுக்குப் பின் கொற்கையிலிருந்து ஆண்ட வெற்றிவேற் செழியன், பத்தினியின் சினம் தணிய, பொற்கொல்லர் ஆயிரவரை ஒரே நாளில் பலியிட்டான் என்று நூல் கூறுகிறது. நீர்ப்படைக் காதையில் இச்செய்தி வருகிறது. உரைபெறு கட்டுரையும் இதைச் சொல்லி, அதன்பின் மழை பெய்து நாடு செழித்தது என்கிறது. களவு செய்தவன் ஒருவன். இறந்தவர் ஆயிரவர். ஆராயாது கொன்றதால் அழிந்த அரசமரபு, அவ்வழிவைத் துடைக்க மீண்டும் ஆராயாது கொன்றது! கண்ணகி உடைத்த சிலம்பிலிருந்து எழுந்த ஒளி அடுத்த அரியணைக்குக்கூட எட்டவில்லை. இதைப் புகழ்ச்சியாகப் படித்துச் செல்வது படிப்பவரின் உறக்கத்தையே காட்டும். காவியம் மனித இயல்பை மெருகிட்டுக் காட்டுவதில்லை. மழை பெய்தது என்று மக்கள் நம்பினர். அதையும் எழுதி வைத்தது. தீர்ப்பு படிப்பவரிடம் விடப்பட்டுள்ளது.

அதே நூல் இன்னொரு மனித இயல்பையும் அறியும். அடைக்கலக் காதையில் மாடலன் என்னும் மறையோன் கோவலனின் பழைய செயல்களை நினைவூட்டுகிறான். கற்புடைய ஒருத்தியைப் பற்றிப் பொய்ச்சான்று கூறிய ஒருவனைப் புகார் நகரத்துச் சதுக்கப்பூதம் பாசத்தால் கட்டிக் கொல்லப் பிடித்தது. அவன் தாயின் துயரைக் காணப் பொறாத கோவலன், தன்னுயிரை எடுத்துக்கொண்டு அவனை விடுமாறு வேண்டினான். தீயவனுக்காக நல்லுயிரைக் கொள்வது அறமன்று எனப் பூதம் மறுத்தது. அவன் இறந்தபின், அவனது குடும்பத்தைக் கோவலன் பல்லாண்டு காத்தான். பொய்ச்சான்று சொன்னவனுக்காக உயிர்தர முன்வந்தவன், பொய்ச்சான்றாலேயே உயிரிழந்தான். மாதவியிடம் மயங்கிச் செல்வம் தொலைத்தவனும் அவனே. ஒரே மனிதனுள் இத்தனையும். ஆகவேதான் 'இன்னான் இப்படிப்பட்டவன்' என்று ஒரே சொல்லில் முடிக்க இந்நூலைப் படித்தவருக்குக் கூச்சம் வர வேண்டும்.

காட்டில் இருந்த நூல்கள்

இத்தகைய நூல்கள் கற்றோருக்கே உரியவை என்று கருதுவோர் உண்டு. அவர்கள் இதே இடுக்கி மாவட்டத்தின் வடகோடியில், மூணாறுக்கு அப்பால் உள்ள இடமலக்குடியைப் பற்றி அறிய வேண்டும். முதுவர் என்னும் பழங்குடி மக்கள் வாழும் காட்டூர். 2010-ல் கேரளத்தின் முதல் பழங்குடி ஊராட்சியானது. மதுரையிலிருந்து புறப்பட்டபோது மீனாட்சியம்மையின் திருவுருவைத் தங்கள் முன்னோர் முதுகில் சுமந்து வந்தனர் என்பது முதுவரின் மரபுக் கதைகளுள் ஒன்று. அக்காட்டில் பி.வி. சின்னத்தம்பி என்னும் முதியவர், ஓலையும் மண்ணுமான தம் சிறிய தேநீர்க் கடையில் ஒரு நூலகம் நடத்தி வந்தார். பத்திரிகையாளர் பி. சாய்நாத் அதனை 2014-ல் எழுதி நாடறியச் செய்தார். மொத்தம் 160 நூல்கள்; சாக்குப் பையில் வைத்துக் காத்தவை. பஷீரும் எம்.டி. வாசுதேவன் நாயரும் காந்தியடிகளும் அதில் இருந்தனர். மலையாளத்தில் சிலப்பதிகாரமும் இருந்தது. எவர் எதை எடுத்தார், எப்போது திருப்பித் தந்தார் என்று பதிவேடு ஒன்றைச் சின்னத்தம்பி ஒழுங்காக எழுதி வந்தார். யானைகள் உலவும் காட்டில் நூல்கள் கைமாறின, வாசிக்கப்பட்டன, திரும்பி வந்தன.

கடல் கடந்தும் இக்கதை பயணம் செய்தது. செங்குட்டுவன் எடுத்த விழாவில் இலங்கை மன்னன் கயவாகு இருந்ததாக நூல் கூறும். மட்டக்களப்புப் பகுதியின் கண்ணகி அம்மன் கோயில்களில் வைகாசிச் சடங்கின்போது கண்ணகி வழக்குரை பாடப்படுகிறது. சிங்கள மக்கள் அவளைப் பத்தினி தெய்வமாக வணங்குகின்றனர். அரை நூற்றாண்டாக ஒருவரை ஒருவர் ஐயுற்று இரத்தம் சிந்திய இரு மக்களும், ஆராயாது ஐயுற்ற அரசனின் முன் நின்று வழக்குரைத்த ஒரே பெண்ணை வணங்குவது எளிதில் கடந்து போகக்கூடிய செய்தியன்று.

பயில விரும்பும் அன்பர்களுக்கு ஒரு வழி. 1892-ல் உ.வே. சாமிநாதையர் பதிப்பித்த காலந்தொட்டு நூல் அனைவர்க்கும் கிட்டுகிறது, ந.மு. வேங்கடசாமி நாட்டாரின் உரை தொடக்கநிலையினருக்கும் துணை செய்யும். முப்பது காதைகளையும் கண்டு மலைக்க வேண்டாம். முதலில் கொலைக்களக் காதை. அதில் பொற்கொல்லன் பேசும் பகுதிக்கு வந்ததும் நூலை மூடிவிட்டு, சென்ற ஒரு வாரத்தில் தான் நேரில் காணாமல் நம்பிய பழிச்சொற்கள் எத்தனை, அவற்றுள் எத்தனையைப் பிறருக்குச் சொன்னோம் என்று படிப்பவர் தமக்குள் எண்ணிப் பார்க்கட்டும். எவர் பெயரையும் எழுத வேண்டியதில்லை, எண்ணிக்கை போதும். அதன் பிறகு வழக்குரை காதைக்குச் செல்லலாம்.